திறமை கடனா?

"விளையும் பயிர் முளையிலே தெரியும்" என்பது நம் மக்கள் நாவில் நெடுங்காலமாக வழங்கிவரும் பழமொழி. பள்ளிப் பரிசளிப்பு விழாவில் கோப்பையைப் பெற்றுக்கொண்டு இறங்கும் சிறுவனைக் கண்டால் இப்பழமொழி தானாகவே நம் வாயில் வந்துவிடுகிறது. அதில் வாழ்த்து இருக்கிறது, மகிழ்ச்சி இருக்கிறது. ஆயினும், சற்று நின்று நோக்கினால் அதனுள் ஒரு கணக்கும் ஒளிந்திருப்பது புலப்படும். பயிர் என்றால் அதற்கு ஓர் உழவன் உண்டு. விளைச்சல் பயிருக்கு உரியதன்று; உழவனுக்கே உரியது. முளைத்த பயிர் விளையாமற் போனால் உழவனுக்கு நட்டம். ஆகவே அவன் வருந்துகிறான்; சில வேளைகளில் பயிரையே நொந்துகொள்கிறான்.

மனிதனும் பயிர்தானா? ஆம் எனில், அவனுக்கு உழவன் யார்? பெற்றோரா, பள்ளியா, ஊரா, நாடா? இளமையில் ஒருவன் அரிய திறமையைக் காட்டிவிட்டான் என்பதற்காக, அதை முழுமையாக விளைவித்து உலகுக்கு அளந்து கொடுக்கவேண்டிய கடமை அவனுக்கு உண்டா? பாதியில் விட்டுவிட்டால் அவன் குற்றவாளியா? எளிதாகத் தோன்றும் இவ்வினா உண்மையில் எளிதன்று. அதை ஆராய்வதற்கு விளையாட்டு உலகைக் காட்டிலும் தெளிவான களம் வேறில்லை. அங்கே திறமை மிக இளமையில் வெளிப்படுகிறது. ஆயிரக்கணக்கானோர் கண்முன் வெளிப்படுகிறது. விரைவில் மறைந்தும் விடுகிறது.

கல்லூரித் திடலும் கூலித் திடலும்

அமெரிக்க மக்கள் காற்பந்து என்று சொல்வது நாம் ஆடியும் கண்டும் பழகிய காற்பந்து அன்று. முட்டை வடிவான பந்தைக் கையில் ஏந்தி, எதிரணியினரின் தடுப்பைப் பிளந்துகொண்டு ஓடும் முரட்டு ஆட்டம் அது. அந்நாட்டில் அவ்வாட்டத்தை வளர்த்தவை பல்கலைக்கழகங்களே. மிஷிகன் பல்கலைக்கழகத்தின் திடலில் இன்று ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் அமர்ந்து பார்க்கலாம் என்றால், அங்குக் கல்லூரி ஆட்டத்துக்குள்ள செல்வாக்கை நாம் உணரலாம்.

கூலி பெற்று ஆடும் தொழில்முறை ஆட்டத்துக்குத் தொடக்கத்தில் அத்தகைய மதிப்பு இல்லை. தேசியக் காற்பந்து லீக் 1920-ஆம் ஆண்டில் தோன்றியது. கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் வழக்கம் 1936-இல்தான் தொடங்கிற்று. அவ்வாண்டு தேர்ந்தெடுக்கப்பட்ட 81 பேரில் பெரும்பாலோர் அந்த அழைப்பை ஏற்கவில்லை. முதலாவதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் சிக்காகோ பல்கலைக்கழகத்தின் ஜே பெர்வாங்கர். பின்னாளில் ஹைஸ்மன் கோப்பை என்று பெயர் பெற்ற சிறந்த கல்லூரி ஆட்டக்காரர் விருதை 1935-இல் முதன்முதலாகப் பெற்றவரும் அவரே. அவர் கேட்ட ஊதியத்தை அணியினர் தர இசையவில்லை. அவர் ஒரே ஒரு தொழில்முறை ஆட்டங்கூட ஆடாமல் வணிகத்தில் இறங்கினார். வாகனக் கதவுகளுக்கு வேண்டிய பிளாஸ்டிக், ரப்பர் பொருள்களைச் செய்து விற்றார். கனம் மிகுந்த அந்த வெண்கல விருதை அவருடைய அத்தை கதவு சாத்திக்கொள்ளாமல் இருப்பதற்கு முட்டுக்கொடுத்து வைத்திருந்தார் என்பது பலரும் அறிந்த செய்தி.

இதைக் கேட்கும்போது நமக்குள் ஏதோ ஒன்று "ஐயோ, வீணாயிற்றே!" என்கிறது. அந்த "ஐயோ" நியாயமானதுதானா என்பதே நம் ஆராய்ச்சி.

தானே விலகியவர்

பைரன் வைட் கொலராடோ மாநிலத்தில் 1917-இல் பிறந்தவர். சீனி எடுக்கும் பீட் கிழங்கு விளையும் வெலிங்டன் என்னும் சிற்றூரில் வளர்ந்தார். சிறுவயதிலேயே அவ்வயல்களில் வேலை செய்தார். கொலராடோ பல்கலைக்கழகத்தில் அவர் படிப்பிலும் முதல்வர், ஆட்டத்திலும் முதல்வர். 1937-இன் வழக்கமான பருவத்தில் அவருடைய அணி தோல்வியே காணவில்லை. பந்தை ஏந்திச் சீறிப் பாயும் அவரைச் செய்தியாளர்கள் "விஸ்ஸர்" என்று அழைத்தார்கள். அப்பெயரை அவர் ஒருபோதும் விரும்பவில்லை.

1938-இல் பிட்ஸ்பர்க் அணி அவருக்கு 15,000 டாலருக்கு மேல் ஊதியம் தர முன்வந்தது. அந்நாளில் லீக்கில் வேறெவரும் பெறாத தொகை அது. அதே வேளையில் ஆக்ஸ்ஃபர்டில் பயில ரோட்ஸ் உபகாரச் சம்பளமும் அவருக்குக் கிடைத்திருந்தது. ஆக்ஸ்ஃபர்டுக்குச் செல்வதைச் சில மாதங்கள் தள்ளிவைத்துவிட்டு அவர் ஆடினார். அவ்வாண்டு 567 கெஜம் ஓடி, லீக்கிலேயே முதலிடம் பெற்றார். அவருடைய அணியோ இரண்டே ஆட்டங்களில் வென்று ஒன்பதில் தோற்றது. பருவம் முடிந்ததும் அவர் கப்பலேறி ஆக்ஸ்ஃபர்டுக்குச் சென்றார். ஐரோப்பாவில் போர் மூண்டதனால் திரும்பி வந்து, யேல் சட்டக் கல்லூரியில் பயின்றுகொண்டே 1940, 1941 ஆகிய இரண்டு பருவங்கள் டெட்ராய்ட் அணிக்கு ஆடினார். 1940-இல் மீண்டும் ஓட்டத்தில் முதலிடம் அவருக்கே.

பின்னர்க் கடற்படைச் சேவை. போர் முடிந்து திரும்பியபோது அவருக்கு வயது 28. விரும்பியிருந்தால் மேலும் சில ஆண்டுகள் ஆடியிருக்கலாம். அவர் திடலுக்குச் செல்லவில்லை. சட்ட நூல்களிடம் சென்றார். 1962-இல் அதிபர் கென்னடி அவரை அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் நீதிபதியாக நியமித்தார். 1993 வரை, 31 ஆண்டுகள், அவர் அப்பதவியில் இருந்தார். அவர் எழுதிய தீர்ப்புகளைப் போற்றுவோரும் உண்டு. கடுமையாக மறுப்போரும் உண்டு. உணவகமொன்றில் பணிப்பெண் ஒருத்தி, "நீங்கள் விஸ்ஸர் வைட் அல்லவா?" என்று கேட்டபோது, "முன்பு இருந்தேன்" என்று அவர் விடையளித்தாராம். 1998-இல் வெளிவந்த அவருடைய வாழ்க்கை வரலாற்று நூலின் தலைப்பும், ஒருகாலத்தில் விஸ்ஸர் வைட்டாக இருந்த மனிதர் என்றே பொருள்படும்.

வைட் ஆட்டத்தை விட்டது சரிதான் என்று நாம் எளிதில் ஒப்புக்கொள்கிறோம். ஏன்? அவர் நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றத்தில் அமர்ந்தார் என்பதனால். இங்கேதான் நாம் விழிப்பாக இருக்கவேண்டும். பெரிய பதவி பெற்றவர் விலகியது நியாயம், ரப்பர் பட்டை விற்றவர் விலகியது வீண் என்போமானால், நாம் அறத்தைப் பேசவில்லை, புகழைப் பேசுகிறோம். ஒரு புகழை விட்டவன் அதனினும் பெரிய புகழைக் கொண்டுவந்து நம்மிடம் ஈடு கட்டவேண்டும் என்கிறோம். வட்டியோடு முதலைக் கேட்கும் கடன்காரனின் பேச்சு அது. விலகும் உரிமை உண்டென்றால் இருவருக்கும் உண்டு; இல்லையென்றால் இருவருக்கும் இல்லை. பிற்காலத்து வெற்றி அவ்வுரிமையைப் புதிதாகப் படைத்துவிட முடியாது. வைட்டும் பெர்வாங்கரும் 2002-ஆம் ஆண்டில், இரண்டு மாத இடைவெளியில், ஒருவர்பின் ஒருவராக மறைந்தனர். இருவரும் தம் வாழ்வைத் தாமே தேர்ந்தெடுத்துக்கொண்டவர்கள் என்ற ஒன்றில் அவர்கள் சமமானவர்கள்.

கடன் என்னும் சொல்

தமிழில் "கடன்" என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு. திருப்பித் தரவேண்டிய பொருளும் கடன். செய்தே தீரவேண்டிய செயலும் கடன். இவ்விரண்டையும் ஒரே சொல்லில் வைத்த நம் முன்னோர், கடமை என்பது எங்கோ ஓரிடத்தில் பெற்றதற்கு ஈடாகவே பிறக்கிறது என்று கருதினர் போலும். பெற்றோரிடம் பெற்றோம், ஆகவே அவர்களுக்குக் கடமைப்பட்டோம். ஆசிரியரிடம் பெற்றோம், ஆகவே அவருக்கும் கடமைப்பட்டோம்.

அப்படியானால், திறமையை ஒருவன் யாரிடம் பெற்றான்? வைட்டின் கால்களில் இருந்த விரைவைக் கொலராடோ மக்கள் அவருக்குக் கொடுக்கவில்லை. பயிற்சி கொடுத்தார்கள், திடல் கொடுத்தார்கள், ஆரவாரம் கொடுத்தார்கள். அவற்றுக்கு ஈடாகத் தம் கல்லூரிக்கு அவர் உடல் நோக ஆடிக் கொடுத்துவிட்டார். அந்தக் கணக்கு அங்கேயே தீர்ந்தது. எஞ்சியிருப்பது நம் ஆசை மட்டுமே. அவர் ஆடினால் நாம் மகிழ்வோம். ஆகவே அவர் ஆடவேண்டும் என்கிறோம். நம் ஆசையை அவருடைய கடனாக எழுதிவைக்கிறோம். அவர் ஒருபோதும் கையொப்பமிடாத கடன் பத்திரம் அது.

இதற்கு ஒரு வலுவான மறுப்பு உண்டு. "மருத்துவன் ஒருவன் தனக்கு விருப்பமில்லை என்று மருந்துப் பையை மூடிவைத்துவிடலாமா? வெள்ளத்தில் ஒருவன் தத்தளிக்கும்போது நீந்தத் தெரிந்தவன், நீந்துவதை நான் விட்டுவிட்டேன் என்று சொல்லலாமா?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்வியே. விடையும் அக்கேள்வியிலேயே இருக்கிறது. வெள்ளத்தில் தத்தளிப்பவனுக்கு நீந்தத் தெரிந்தவனிடம் உரிமை உண்டு. ஏனெனில் உயிர் தேவையைச் சார்ந்தது. திடலில் அமர்ந்து கைதட்டுபவனுக்கு அத்தகைய உரிமை இல்லை. ஏனெனில் மகிழ்ச்சி கொடையைச் சார்ந்தது. கொடுத்தால் நன்றி சொல்லலாம். கொடுக்காவிட்டால் வழக்குத் தொடுக்க முடியாது. திறமை கடனாவது பிறருடைய துன்பத்தின் முன்னால்தான். பிறருடைய ஆவலின் முன்னால் அன்று.

காலம் பறித்தது

எல்லாரும் தாமாக விலகியவர்கள் அல்லர். மிஷிகன் பல்கலைக்கழகத்தின் டாம் ஹார்மன் 1940-இல் ஹைஸ்மன் கோப்பை பெற்றவர். அவ்வாண்டு தம் கடைசிக் கல்லூரி ஆட்டத்தில் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழக அணியை, அதன் சொந்தத் திடலிலேயே, 40க்குச் சுழியம் என்ற கணக்கில் வீழ்த்த முன்னின்றார். ஆட்டம் முடிந்து அவர் வெளியேறியபோது தோற்ற ஊரின் மக்களே எழுந்து நின்று கைதட்டினார்கள். 1941-இல் தொழில்முறை அணிகளின் தேர்வில் முதலாவதாக எடுக்கப்பட்டவரும் அவரே.

ஆனால் போர் வந்தது. அவர் விமானியானார். 1943 ஏப்ரலில் தென்னமெரிக்கக் காட்டின்மேல் புயலில் சிக்கி அவருடைய விமானம் விழுந்தது. உடனிருந்தோர் அனைவரும் மாண்டனர். அவர் மட்டும் காட்டில் நடந்து உயிர் மீண்டார். அதே ஆண்டு அக்டோபரில் சீன வானில் அவருடைய போர் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. கால்கள் தீயில் வெந்த நிலையில், சீனப் போராளிகளின் துணையோடு ஏறத்தாழ ஒரு மாதம் கழித்துத் தம் படையினரிடம் வந்து சேர்ந்தார். 1946, 1947 ஆகிய இரண்டு பருவங்கள் லாஸ் ஏஞ்சலிஸ் ராம்ஸ் அணிக்கு ஆடினார். பழைய கால்கள் திரும்பவில்லை. பிறகு விளையாட்டு ஒலிபரப்பாளராகிப் பல்லாண்டுகள் நற்பெயருடன் வாழ்ந்து 1990-இல் மறைந்தார்.

இவரைக் குறித்து "வீணாயிற்றே" என்று சொல்ல நா எழவில்லை. இங்கே இழப்பு உண்டு. ஆனால் அந்த இழப்பைப் பிறருக்காக ஏற்றுக்கொண்டவர் அவரே. உயிர் தப்பி வந்தவனைப் பார்த்து, "உன் கால்கள் முன்போல் ஓடவில்லையே" என்று ஏங்குவது இரக்கம் போலத் தோன்றும் ஒருவகைக் கொடுமை.

பழங்காலக் கிரேக்கரிடையே வழங்கிய கதை ஒன்றை ஹெரோடோட்டஸ் எழுதிவைத்திருக்கிறார். மிகுந்த பேறு பெற்றவர்கள் யார் என்று மன்னன் கேட்க, ஞானி சோலோன் குறிப்பிட்டவர்களுள் இரண்டு சகோதரர்களும் உண்டு. விளையாட்டுப் போட்டிகளில் பரிசு வென்ற அவர்கள், எருதுகள் வராதபோது தம் தாயை வண்டியில் வைத்துத் தாமே இழுத்துச் சென்றனர், ஊரார் போற்றினர், அன்றிரவு கோயிலில் உறங்கியவர்கள் மீண்டும் எழவில்லை. புகழின் உச்சியிலேயே வாழ்வு முடிவது பேறு என்பது அக்கதையின் கருத்து. பார்வையாளருக்கு அது அழகான முடிவுதான். ஆனால் உச்சிக்குப் பின்னும் மனிதன் வாழவேண்டியிருக்கிறதே! இருபத்திரண்டு வயதில் உச்சியைத் தொட்டவனுக்கு இன்னும் அறுபது ஆண்டுகள் இருக்கலாம். அந்த அறுபது ஆண்டுகளையும் வெறும் சரிவு என்று எண்ணுபவர்கள் வாழ்க்கையை ஆட்டமாகப் பார்க்கிறார்கள்.

சமுதாயம் பறித்தது

இனி மூன்றாமவர். இவர் கதையே நம் ஆராய்ச்சியைத் தலைகீழாகத் திருப்பிவிடுகிறது.

லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் 1918-இல் பிறந்த கென்னி வாஷிங்டன் கறுப்பினத்தவர். கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலிஸ் கிளைக்கு 1937 முதல் 1939 வரை ஆடினார். பின்னாளில் பேஸ்பால் ஆட்டத்தின் நிறத்தடையை 1947-இல் உடைத்த ஜாக்கி ராபின்சன் 1939-இல் அவருடன் ஒரே அணியில் ஆடியவர். பந்தை ஏந்தியும் எறிந்தும் 1939-இல் வாஷிங்டன் ஈட்டிய மொத்தக் கெஜக் கணக்கு 1,370. நாட்டிலேயே அதுதான் முதலிடம்.

ஆயினும் தேசியக் காற்பந்து லீக்கின் எந்த அணியும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. 1934 முதல் 1945 வரை அந்த லீக்கில் கறுப்பினத்தவர் ஒருவர்கூட ஆடவில்லை. அதற்கென எழுதிவைத்த சட்டம் எதுவும் இல்லை. எழுதாத சட்டமே போதுமானதாக இருந்தது. வைட்டுக்கு அதுவரை எவரும் பெறாத ஊதியத்தை 1938-இல் அளித்த அதே லீக், அடுத்த ஆண்டில் நாட்டின் முதல்நிலை ஆட்டக்காரராக விளங்கியவருக்கு ஓர் இருக்கையும் அளிக்கவில்லை. வாஷிங்டன் பசிபிக் கரையோரத்துச் சிறிய லீக் ஒன்றில் ஆடிக்கொண்டும், காவல்துறையில் பணியாற்றிக்கொண்டும் தம் இளமையின் சிறந்த ஆண்டுகளைக் கழித்தார். முழங்கால்கள் தேய்ந்தன, அறுவைச் சிகிச்சைகள் நடந்தன.

கதவு எப்படித் திறந்தது? அணி உரிமையாளர்களின் மனம் தானாகத் திருந்தியதால் அன்று. கிளீவ்லாந்தில் இருந்த ராம்ஸ் அணி 1946-இல் லாஸ் ஏஞ்சலிசுக்கு இடம் பெயர்ந்து, அங்குள்ள பெரிய பொதுத் திடலைப் பயன்படுத்த அனுமதி கேட்டது. அத்திடல் மக்கள் வரிப்பணத்தில் எழுந்தது. கறுப்பின மக்களின் வரியும் அதில் அடக்கம். அவர்களை ஒதுக்கும் அணிக்கு அதை எப்படித் தரலாம் என்று ஹேலி ஹார்டிங் முதலிய கறுப்பினப் பத்திரிகையாளர்கள் வாதிட்டனர். அந்த நெருக்கடியின் விளைவாக 1946 மார்ச்சு 21-ஆம் நாள் ராம்ஸ் அணி வாஷிங்டனை ஒப்பந்தம் செய்துகொண்டது.

வைட் ஆட்டத்தை விட்டு விலகிய அதே காலத்தில், ஏறத்தாழ அதே வயதில், வாஷிங்டனுக்கு அந்த லீக்கின் கதவு திறந்தது. தேய்ந்த முழங்கால்களோடு அவர் ஆடியவை மூன்றே பருவங்கள். 1947-இல் 60 முறை பந்தை ஏந்தி 444 கெஜம் ஓடினார். ஒருமுறைக்கு ஏறத்தாழ 7.4 கெஜம் என்பது எந்தக் காலத்திலும் அரிய சராசரி. ஒரே ஓட்டத்தில் 92 கெஜம் கடந்ததும் அவ்வாண்டில்தான். 1948-இல் ஓய்வு பெற்று, 1971-இல் 52 வயதில் காலமானார். ஹார்மனும் அவரும் இரண்டு பருவங்கள் ஒரே அணியில், ஒரே சீருடையில் ஆடியவர்கள் என்பது இங்கு நினைவுகூரத்தக்கது. ஒருவருடைய கால்களைப் போர் எடுத்துக்கொண்டது. மற்றவருடைய கால்களைக் காத்திருப்பு எடுத்துக்கொண்டது.

யார் கடனாளி?

பதிவேட்டில் பார்த்தால் மூவரும் ஒருபோலத் தெரிவார்கள். கல்லூரியில் ஒளிவீசினார்கள், தொழில்முறையில் இரண்டு மூன்று பருவங்கள் ஆடினார்கள், மறைந்தார்கள். "குறுகிய காலமே ஆடியவர்" என்ற ஒரே வாக்கியம் மூவருக்கும் பொருந்துகிறது. ஆனால் அறத்தின் பதிவேட்டில் அவர்கள் மூன்று வேறு பக்கங்களில் இருக்கிறார்கள். முதலாமவருடைய குறுமை அவருடைய உரிமை. இரண்டாமவருடைய குறுமை அவருடைய தியாகம். மூன்றாமவருடைய குறுமை அவருக்கு இழைக்கப்பட்ட அநீதி.

இம்மூன்றையும் பிரித்தறியாமல் நாம் வழங்கும் சொற்கள் இரண்டு. ஒன்று "வீண்", மற்றொன்று "விதி". தானே விலகியவனை வீண் என்கிறோம். அது அவனுடைய உரிமையை மறுப்பதாகும். தடுக்கப்பட்டவனைப் பார்த்து விதி என்கிறோம். அது தடுத்தவனை மறைப்பதாகும். இரண்டாவது பிழையே கொடியது. மழை பெய்யாதது விதி எனலாம். வாய்க்காலை ஒருவன் மறித்ததனால் பயிர் கருகினால் அதையும் விதி என்று சொல்லலாமா? வாய்க்காலை மறித்தவன் தன் பெயரை விதி என்று மாற்றிக்கொள்வதற்கு நாமே துணைபோகிறோம் அல்லவா?

ஆகவே நாம் தொடக்கத்தில் கேட்ட கேள்வியைத் திருப்பிப் போட்டுப் பார்ப்பதே முறை. திறமையுள்ளவன் சமுதாயத்துக்குக் கடன்பட்டவனா என்று கேட்டோம். அவனுக்குச் சமுதாயம் கடன்பட்டிருக்கிறதா என்று கேட்கத் தவறினோம். ஆடவேண்டும் என்று எவரையும் நாம் கட்டாயப்படுத்த முடியாது. ஆனால் ஆட விரும்புகிறவனுக்குத் திடலைத் திறந்துவைப்பது நம் மீது விழுந்த கடன். விளைவதும் விளையாததும் அவன் விருப்பம். வாய்க்காலை மறிக்காமல் இருப்பது நம் பொறுப்பு. முதற்கடனை வற்புறுத்திக் கேட்பதில் நாம் காட்டும் ஊக்கத்தில் பாதியையேனும் இரண்டாவது கடனைத் தீர்ப்பதில் காட்டினோமா?

விளையாட்டுக்கு மட்டும் உரிய வினா அன்று இது. இசை கற்ற பெண் திருமணத்துக்குப் பின் பாடுவதை நிறுத்திவிட்டாள் என்றால், "என்ன குரல், வீணாயிற்றே" என்று பேசுகிறோம். அவளாக நிறுத்தினாளா, நிறுத்தவைக்கப்பட்டாளா என்று கேட்பதில்லை. வகுப்பில் முதல்வனாக வந்த மாணவன் படிப்பை விட்டுவிட்டு வேலைக்குப் போனால், "கொடுத்து வைக்கவில்லை" என்கிறோம். அவன் வீட்டு அடுப்பு எரிந்ததா என்று எட்டிப்பார்ப்பதில்லை. பெருமூச்சு விடுவது எளிது. காரணம் கேட்பது கடினம். காரணம் கேட்டால் சில வேளைகளில் அது நம் வீட்டு வாசலிலேயே வந்து நிற்கும்.

இளமையில் ஒளிவிட்டு மறைந்தவரைப் பற்றிப் பேச்சு எழும்போது முதலில் ஒரு கேள்வியைக் கேட்போம்: கதவை அவர் மூடிக்கொண்டு சென்றாரா, அவர்மீது கதவு மூடப்பட்டதா? அவரே மூடிச் சென்றார் எனில், கொடுத்தவரைக்கும் நன்றி சொல்லி அவரை அவர் வழியில் விட்டுவிடுவோம். அவர்மீது மூடப்பட்டது எனில், பெருமூச்சோடு நிறுத்தாமல், தாழ்ப்பாள் யார் கையில் இருந்தது என்று தேடுவோம். அது இன்னும் அங்கேயே கிடந்தால், இன்று வெளியே நிற்பவன் வேறொருவன். அவனுடைய முழங்கால்கள் தேய்வதற்குள் அதைத் திறந்துவிடுவதுதான், திறமையைப் போற்றுவதாகச் சொல்லிக்கொள்ளும் நம் அனைவருக்கும் உரிய கடன்.